ஒரு துறவி எப்படி பிரான்ஸை ஆண்டார்? மடாதிபதி சூஜேர் யார்?

சூஜேர் (சுமார் 1081–1151) பாரிஸுக்கு வடக்கே உள்ள சென் தெனி மடத்தின் தலைவர். எளிய குடும்பத்துப் பிள்ளை. பத்து வயதுவாக்கில் மடத்தில் விடப்பட்டு, 1122-இல் அதன் தலைவரானார். ஆறாம் லூயி, ஏழாம் லூயி என்ற இரு மன்னர்களுக்கும் ஆலோசகராக இருந்தார். ஏழாம் லூயி இரண்டாம் சிலுவைப் போருக்குப் போனபோது, 1147 முதல் 1149 வரை நாட்டைப் பார்த்துக்கொண்டவர்களில் முதன்மையானவர் இவரே. அரசர் இல்லாதபோது அவர் பெயரில் ஆள்பவரைப் 'பதில் ஆட்சியாளர்' என்பார்கள்.

ஏன் ஒரு துறவி? அன்று எழுத்தும் கணக்கும் பெரும்பாலும் மடங்களில்தான் இருந்தன. அதைவிட முக்கியம், துறவிக்கு வாரிசு கிடையாது. அரியணையைத் தன் மகனுக்குப் பறிக்க மாட்டார். வீட்டுப் பெரியவர் நீண்ட பயணம் போகும்போது, பங்கு கேட்கக்கூடிய தம்பியிடம் கொடுக்காமல், பங்கே இல்லாத நம்பகமான கணக்குப்பிள்ளையிடம் சாவிக்கொத்தைக் கொடுப்பது போல. இங்கே அது வெறும் உவமை இல்லை: மன்னரின் தம்பி ராபர்ட் போரிலிருந்து முன்னதாகத் திரும்பி ஆட்சியைக் கைப்பற்ற முயன்றார். சூஜேர் அதை முறியடித்து, மன்னர் வந்ததும் நாட்டை அப்படியே ஒப்படைத்தார். அவர் வாழ்வில் என்னை மிகவும் நெகிழவைப்பது இதுதான்.

சென் தெனி தேவாலயத்தைப் புதுப்பித்ததால் கூர்முனை வளைவுகளும் பெரிய சன்னல்களும் கொண்ட கோதிக் கட்டடக்கலையை அவரே கண்டுபிடித்தார் எனப் பலர் நினைக்கிறார்கள். ஆனால் 1144-இல் புனிதப்படுத்தப்பட்ட, ஒளி நிறைந்த அதன் பீடப்பகுதியைக் கட்டச் செய்தவர் மட்டுமே அவர். வடிவமைத்த கொத்தனாரின் பெயர் வரலாற்றில் பதிவாகவில்லை.