ஒரு ஊரின் கதையை ஆவணப்படமாக எடுக்க ஆசை. முதலில் எந்த கேமரா வாங்க வேண்டும்?

முதல் படம் என்றுதான் நினைக்கிறேன். அப்படியானால் கையில் இருக்கும் செல்போனே போதும். காசு இருந்தால் முதலில் ஒரு நல்ல மைக்கும், காற்று மோதாமல் இருக்க அதற்குப் போடும் ரோம உறையும் வாங்குங்கள். இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன்.

அணை கட்டியபோது மூழ்கிய ஒரு ஊர். தண்ணீர் வற்றும் வருடங்களில் மட்டும் சுவர்களின் அடிக்கற்கள் வெளியே தெரியும். அங்கே பிறந்த ஒரு பாட்டியைக் கூட்டிக்கொண்டு போனேன். வெடித்துக் கிடந்த வண்டலில் விறுவிறுவென்று நடந்தவர் ஓரிடத்தில் நின்றார். காலைச் சற்று உயர்த்தி வைத்து, தலையைக் குனிந்து, இரண்டடி முன்னால் போய் நிமிர்ந்தார். அங்கே நிலைப்படியும் இல்லை, வாசலும் இல்லை. எதிரே வெறும் வெயில்தான். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

ஹெட்போனில் கேட்டால் காற்றின் படபடப்பு மட்டும்தான். மைக்கில் உறை போடவில்லை. "பாட்டி, இன்னொரு தடவை நடந்து வர முடியுமா?" என்று கேட்டுவிட்டேன். நடந்தார். இந்த முறை காலை உயர்த்தவில்லை, குனியவும் இல்லை. நேராக கேமராவைப் பார்த்து, "சரியா வந்துதா தம்பி?" என்றார். அந்தக் கேள்வி இன்னும் என்னை உறுத்துகிறது.

திரும்ப நடக்கச் சொல்வது ஒரு குற்றமா என்று சிலர் சண்டைக்கு வருவார்கள். 1922இல் வந்த, பனிப்பிரதேசக் குடும்பம் ஒன்றைப் பற்றிய 'நானூக்' ஆவணப்படத்தில் அதன் இயக்குநர் ஃபிளாஹர்ட்டி, வெளிச்சம் வேண்டும் என்று பாதி திறந்த பனிவீட்டைக் கட்டி அதற்குள் குடும்பத்தைத் தூங்கச் சொல்லிப் படம் எடுத்தாரே என்பார்கள். தெரியும். நான் யாருக்கும் சட்டம் போடவில்லை. என் பாட்டி விஷயத்தில் அது பலிக்கவில்லை, அவ்வளவுதான். படத்தில் முதல் ஷாட்டையே வைத்தேன், காற்றோடு.

அதில் எட்டு நொடியை ஒரு செய்தி சேனல் எடுத்து, சோக இசை போட்டு, "நீரில் மூழ்கிய மர்ம கிராமம்" என்று ஓட்டியது. என் பெயர் இல்லை. அதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். பாட்டியின் பெயரைக்கூடப் போடவில்லை. மூன்று முறை மின்னஞ்சல் அனுப்பினேன், பதிலே வரவில்லை. கேட்டதற்கும் இதற்கும் சம்பந்தமில்லைதான், ஆனால் நீங்களும் இணையத்தில் போடுவீர்கள், அதனால் சொல்கிறேன்.

நம்மில் ஏ. கே. செட்டியார் இருந்தார். ஊர் ஊராகச் சுற்றிப் பயணக் கட்டுரை எழுதியவர். காந்தியைப் பற்றிய ஆவணப்படத்துக்காகப் பல நாடுகளுக்கு அலைந்து, மற்றவர்கள் எடுத்து வைத்திருந்த படச்சுருள்களைத் தேடிச் சேர்த்து 1940இல் வெளியிட்டார். கிடைத்த துண்டு எதுவானாலும் அதற்கு மதிப்பு உண்டு என்று நம்பியவரால்தான் அது முடியும். ஆகவே காற்றடித்துக் கெட்டுப்போன பதிவு என்று எதையும் அழித்துவிடாதீர்கள். இரண்டு ஹார்ட் டிஸ்கில் வையுங்கள். எங்கே போனாலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் வெட்டுகளுக்கு நடுவே ஒட்டுப்போட அதுதான் உதவும்.

படம் முடிந்ததும் பாட்டி வீட்டுக்குப் போய் லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். குனியும் இடம் வந்ததும் திரையைத் தொட்டு, "நிலை தாழ்வு தம்பி. எங்க வீட்டுக்காரர் தினமும் இடிச்சுக்குவாரு" என்று சிரித்தார். அன்று நான் மைக் எடுத்துப் போகவில்லை.