வாசகர் கேள்வி பதில்: இந்த விடியல் எத்தனையாவது முறை?

கேள்வி: நான் எழுதிவரும் மாயக்கதையில் ஒரு மந்திரக்காரி வருகிறாள். தான் வாழும் நாள் முதன்முறையாக வந்த நாளா, காலச்சுழலில் சிக்கித் திரும்பத் திரும்ப வருகிற நாளா என்பதை அறிய, அவள் விடியற்காலையில் ஒரு சடங்கு செய்கிறாள். வட்டம் வரைந்து, விளக்கேற்றி, மந்திரம் சொன்னால், சுழல் இருக்கும்பட்சத்தில் சுடர் நீலமாகும் என்று எழுதியிருந்தேன். படித்துப் பார்த்த நண்பர், "எல்லாமே பழைய நிலைக்குத் திரும்பிவிடுகிறது என்றால் விளக்குக்கு மட்டும் அது எப்படித் தெரியும்?" என்று கேட்டுவிட்டார். மந்திரம் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளலாமா?

பதில்: தப்பித்துக்கொள்ளலாம், ஆனால் வாசகர் அதை ஒரு முறைதான் பொறுத்துக்கொள்வார். உங்கள் நண்பர் கேட்டது அடிமடியிலேயே கைவைக்கிற கேள்வி. நாள் முடிந்ததும் உலகிலுள்ள ஒவ்வொரு துகளும், ஒவ்வொருவரின் நினைவும், காலையில் இருந்த நிலைக்கே திரும்பிவிடுமானால், முதல் சுற்றுக்கும் நூறாவது சுற்றுக்கும் எள்ளளவும் வேறுபாடு இராது. வேறுபாடே இல்லாத இரண்டைப் பிரித்துக் காட்டச் சுழலுக்கு உள்ளே இருக்கும் எந்தக் கருவியாலும் இயலாது. ஆகவே, நீங்கள் முதலில் முடிவுசெய்ய வேண்டியது, சுழல் எதை அழிக்காமல் விட்டுவிடுகிறது என்பதைத்தான். மந்திரத்தின் சொற்களைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அந்த விதிவிலக்கு ஒன்றே ஒன்றாகவும் சிறியதாகவும் இருப்பது நல்லது. நீலச் சுடரில் எனக்குள்ள மனக்குறை வேறு: 'ஆம்' என்று மட்டும் சொல்லிவிட்டு அது அணைந்துவிடுகிறது, எத்தனையாவது சுற்று என்பதைச் சொல்வதில்லை.

நானாக இருந்தால் விளக்கை விட்டுவிட்டு ஒரு நூலை எடுத்துக்கொள்வேன். மந்திரத்தின் வேலை, அந்த நூலைச் சுழலின் பிடியிலிருந்து விலக்கிவைப்பது மட்டுமே. மந்திரக்காரி நாள்தோறும் விழித்தவுடன் சுவரில் கரியால் ஒரு கோடு இழுக்கிறாள். நூலில் ஒரு முடிச்சுப் போடுகிறாள். சுவர் மற்ற எல்லாவற்றையும் போலச் சுழலுக்குக் கட்டுப்பட்டது, நூல் கட்டுப்படாதது. காலம் ஒழுங்காக ஓடும்வரை இரண்டு கணக்கும் ஒன்றாகவே இருக்கும். சுழல் தொடங்கிவிட்டால் பழைய குருடி கதவைத் திறடி என்று அதே காலை வந்து நிற்கும், அன்று இழுத்த கோடு சுவரிலிருந்து மறைந்திருக்கும், ஆனால் போட்ட முடிச்சு நூலிலேயே இருக்கும். ஒரு நாள் காலை சுவரில் 212 கோடுகளும் நூலில் 219 முடிச்சுகளும் இருக்கக் கண்டால், இந்த நாள் ஏற்கெனவே ஏழு முறை வந்து போயிருக்கிறது, இது எட்டாவது என்று அவள் அறிந்துகொள்வாள். சுழலிலிருந்து மீண்ட பிறகும் அந்த ஏழின் வேறுபாடு தழும்புபோல நிலைத்துவிடும் என்பதால், அதற்குப் பிறகு புதிதாகக் கூடும் வேறுபாட்டைத்தான் அவள் கணக்கில் கொள்ள வேண்டும்.

219 முடிச்சுகளை விடியற்காலை இருட்டில் எண்ணுவது எவருக்கும் சலிப்பூட்டும் வேலை. ஆண்டிஸ் மலைப்பகுதியை ஆண்ட இன்காக்கள் 'கிப்பு' என்னும் நூல்களில் ஒன்று, பத்து, நூறு என்ற இடமதிப்பின்படி முடிச்சிட்டு எண்களைப் பதிந்துவைத்தார்கள். அதைப் பின்பற்றினால் நூறின் இடத்தில் இரண்டு, பத்தின் இடத்தில் ஒன்று, ஒன்றின் இடத்தில் ஒன்பது என 12 முடிச்சுகளே போதும். பத்து நிறையும்போது ஒன்பதை அவிழ்த்து அடுத்த இடத்தில் ஒன்றைப் போட வேண்டியிருக்கும், அவ்வளவுதான்.

கதைக்கு இதைவிடப் பயன்படக்கூடியது ஒன்று உண்டு. ஒவ்வொரு சுற்றிலும் அவள் கட்டைவிரல் அந்த நூலை ஒரு நுனியிலிருந்து மறுநுனிவரை தடவிப் பார்க்கிறது. விரல் ஒவ்வொரு காலையும் பழைய விரலாகிவிடும். நூலிலோ விரலின் எண்ணெய்ப்பசையும் கரியும் சுற்றுக்குச் சுற்று சேர்ந்துகொண்டே போகும். நேற்று இரவு வெளுப்பாக வைத்த நூல் காலையில் கறுத்துப் பிசுபிசுத்து, இழை பிரிந்து கிடந்தால், எண்ணத் தொடங்கும் முன்பே அவள் கை நடுங்கத் தொடங்கிவிடும். அந்த இடத்தில் காட்சியைக் கொஞ்சம் நிறுத்தி எழுதுங்கள்.

கேள்வி: என் கதையில் நாயகனின் நினைவு அழிவதில்லை. அப்படியானால் அவனுக்குச் சடங்கே தேவையில்லை அல்லவா?

பதில்: தேவைதான். நினைவு இருப்பது வேறு, அந்த நினைவு உண்மை என்று நிரூபணமாவது வேறு. முன்பே கண்டதுபோன்ற உணர்வு நம்மில் பலருக்கும் வருவதுண்டு. அதற்கு 'தேஜா வூ' என்ற பெயரை 1876-இல் வழங்கியவர் பிரெஞ்சு அறிஞர் எமில் புவராக். அந்த மயக்கத்திலிருந்து தன் நிலையைப் பிரித்தறிய, நாயகன் இன்னும் நிகழாத ஒன்றைச் சொல்லி அது பலிக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஐந்து பகடைகளின் எண்களை வரிசை பிசகாமல் முன்கூட்டியே சொல்ல, குருட்டு அதிர்ஷ்டத்துக்கு 7,776-இல் ஒரு வாய்ப்பே உண்டு.

ஆனால் பகடையை அவனே உருட்டக் கூடாது. 1961-இல் எட்வர்ட் லோரென்ஸ் என்ற வானிலை அறிஞர் கணினிக்கு 0.506127 என்ற எண்ணுக்குப் பதிலாக 0.506 என்று சுருக்கிக் கொடுத்தபோது, அது கணித்துக் காட்டிய வானிலை சிறிது நேரத்தில் முற்றிலும் வேறாகிப்போனது. போன சுற்றின் நினைவோடு உருட்டும் கை, மயிரிழை அளவு வேறாக அசைந்தாலும் பகடை வேறு எண்ணைக் காட்டிவிடும். ஆகவே, அவன் இன்னும் சந்தித்திராத ஒருவர், நாள் தொடங்கிய முதற்சில நிமிடங்களில் உருட்ட வேண்டும். அதுவரை அவன் பேசாமல், எழுந்து நடக்காமல் இருக்க வேண்டும். சடங்குகளில் வழக்கமாக வருகிற 'வாய் திறக்காதே, இடம் பெயராதே' என்ற கட்டுப்பாடுகளுக்கு இங்கே காரணமே கிடைத்துவிடுவதை எண்ணிப் பார்த்தால் எனக்கு மகிழ்ச்சியாக இருக்கிறது. உங்கள் கதையுலகில் வருவதுரைக்கும் மந்திரமும் உண்டென்றால் மட்டும் இந்தச் சோதனை எதையும் நிரூபிக்காது.

கேள்வி: அறிவியலில் காலச்சுழலுக்கு இடமுண்டா? அந்த முடிச்சு நூல் அங்கேயும் வேலை செய்யுமா?

பதில்: ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்கு 1949-இல் குர்ட் கோடல் கண்ட ஒரு தீர்வில், சுழலும் அண்டம் ஒன்றில் காலப்பாதை தன்னைத்தானே வந்து தொடுகிறது. ஆனால் கதைகளில் வருவதுபோல அங்கே ஒரு நாள் அழிந்து மீண்டும் தொடங்குவதில்லை; நிகழ்வது ஒரே ஒரு முறைதான் நிகழ்கிறது, இரண்டாம் சுற்று என்று எண்ணுவதற்கு ஒன்றுமில்லை. தன் ஆயுள் முழுவதும் அத்தகைய வளையத்திலேயே கழிக்கும் ஒரு பொருள், தொடங்கிய நிலைக்கே அணுவளவும் மாறாமல் வந்துசேர வேண்டும். ஆகவே நம் நூலில் ஒரு முடிச்சும் கூட முடியாது, ஒரு துளி அழுக்கும் ஏற முடியாது.

இயற்கை இத்தகைய வளையங்களை அனுமதிக்காது என்ற கருதுகோளை 1992-இல் முன்வைத்தவர் ஸ்டீவன் ஹாக்கிங். அவரே 2009 ஜூன் 28 அன்று, சடங்கு என்று சொல்லத்தக்க ஒன்றைச் செய்து பார்த்தார்: காலப்பயணிகளுக்காக ஒரு விருந்து ஏற்பாடு செய்து காத்திருந்தார், அழைப்பிதழை விருந்து முடிந்த பிறகே வெளியிட்டார். ஒருவரும் வரவில்லை.