சித்தப்பா பிடித்துத் தந்த சீட் வேண்டாம்

புதுச்சேரி முத்தியால்பேட்டையிலிருந்து எழுதியிருக்கும் அம்மாவுக்கு,

பிளஸ் டூ முடித்த மகள் சினிமாவில் ஆர்ட் டைரக்டர் ஆக வேண்டும் என்கிறாள், சித்தப்பா மேனேஜ்மென்ட் கோட்டாவில் கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட் பிடித்துவிட்டார், வீட்டில் யாரும் யாரோடும் பேசுவதில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். பயப்படாதீர்கள் என்று ஆறுதல் சொல்லத்தான் ஆரம்பித்தேன். மீதிப் பணத்துக்கு நகையை அடகு வைக்கப் போகிறோம் என்ற வரியைப் படித்ததும் அந்த எண்ணம் போய்விட்டது. வைக்காதீர்கள்.

“முதலில் பி.டெக் முடிக்கட்டும், அப்புறம் சினிமா” என்கிறார் சித்தப்பா. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே இருக்கும் முதுநிலைப் படிப்புக்கு ஓவியம், சிற்பம், கட்டடக்கலை, இன்டீரியர் டிசைன் போன்ற துறைகளில் பட்டம் கேட்கிறார்கள். கம்ப்யூட்டர் சயின்ஸ் பட்டத்தை வைத்துக்கொண்டு அந்தப் படிப்புக்கு விண்ணப்பிக்க முடியாது. நாலு வருஷமும் நகையும் போய், அவள் நுழைய வேண்டிய கதவும் மூடிவிடும்.

விஸ்காம் என்கிற விஷுவல் கம்யூனிகேஷன் படிப்பைப் பற்றி ஊரே பேசுகிறது, நான் பேசவில்லை. யாரும் சொல்லாதது பி.எஃப்.ஏ. என்கிற கவின்கலைப் பட்டப்படிப்பு. பஸ் ஸ்டாண்டில் கடலூர் பஸ் ஏறினால் அரியாங்குப்பம். அங்கே புதுவை அரசின் பாரதியார் பல்கலைக்கூடம் இருக்கிறது. ஹாஸ்டல் செலவு கிடையாது. சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் உண்டு. பெயர் பெற்ற ஆர்ட் டைரக்டர்கள் தோட்டா தரணியும் சாபு சிரிலும் சென்னைக் கல்லூரியில் படித்து வந்தவர்கள்தான்.

இந்தப் படிப்பு ஏன் பொருந்துகிறது என்றால், ஆர்ட் டைரக்டரின் வேலையில் பாதி கையால் செய்வது. திரைக்கதையைப் பிரித்து, எந்தக் காட்சிக்கு என்ன இடம், என்ன பொருள் என்று பட்டியல் போட வேண்டும். படம் வரைந்து, அளவோடு பிளான் போட்டு, சின்ன மாடல் செய்து இயக்குநரிடமும் ஒளிப்பதிவாளரிடமும் காட்ட வேண்டும். கேமரா உள்ளே போக வசதியாக ஒரு சுவரைக் கழற்றி மாட்டும்படி கட்ட வேண்டும். நேற்று அடித்த பிளைவுட் சுவர், கடல்காற்றில் ஐம்பது வருஷம் நின்ற சுண்ணாம்புச் சுவர் மாதிரி தெரிய வேண்டும். ஈரம் எங்கே ஏறும், பூச்சு எங்கே உரியும், கை பட்டு எந்த இடம் கறுக்கும் என்று பார்த்துப் பழகியவர்களுக்குத்தான் அது வரும். உங்கள் மகள் வைசியாள் வீதித் திண்ணைகளை நோட்டு நோட்டாக வரைந்து வைத்திருக்கிறாள் என்று குறைபோல எழுதியிருக்கிறீர்கள். அந்த நோட்டுகளைப் பத்திரமாக வையுங்கள். அப்படியே கையில் ஒரு டேப்பையும் கொடுங்கள். ஒரு வீட்டின் திண்ணை, நடை, முற்றம் எல்லாவற்றையும் அளந்து, ஒரு மீட்டருக்கு இரண்டு சென்டிமீட்டர் கணக்கில் பிளான் போட்டுப் பழகட்டும். பள்ளியில் படித்த கணக்கு வீணாகாது.

வருமானத்தையும் சொல்லிவிடுகிறேன். அசிஸ்டன்டாக இருக்கும் வருஷங்களில் கைக்கு வருவது குறைவு. மாதச் சம்பளம் எதிர்பார்க்க முடியாது. ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவே சும்மா இருக்கும் மாதங்களும் உண்டு. விளம்பரப் படம், கண்காட்சி அரங்கம், மேடை அலங்காரம் என்று இடையில் சமாளிக்கலாம். தலையில் கடன் இருந்தால் இதெல்லாம் நடக்காது. வட்டி கட்டவே கிடைத்த வேலைக்கு ஓடிவிடுவாள். லட்சக்கணக்கில் கேட்கும் தனியார் சினிமா பள்ளிகளையும் இதே காரணத்துக்காகத்தான் வேண்டாம் என்கிறேன்.

சித்தப்பா கோபித்துக்கொள்வார், சரி. படிக்கப் போவது அவர் இல்லையே.

இந்த வாரமே ஒன்று செய்யுங்கள். கட்டிய முன்பணத்துக்கு ரசீது இருக்கிறதா பாருங்கள். வகுப்பு தொடங்கும் முன் சீட்டை விட்டுவிட்டால், அதிகபட்சம் 1,000 ரூபாய் பிடித்துக்கொண்டு மீதிக் கட்டணத்தைக் கல்லூரி திருப்பித் தர வேண்டும் என்பது பொறியியல் கல்லூரிகளுக்கு அனுமதி தரும் ஏ.ஐ.சி.டி.இ. அமைப்பின் விதி. சீட்டை விடுவதாக எழுத்தில் கொடுத்து, நகலில் தேதியும் கையெழுத்தும் வாங்கிக்கொள்ளுங்கள். ரசீது இல்லாமல் கொடுத்த பணம் என்றால், பிடித்துக் கொடுத்த சித்தப்பாவே போய்க் கேட்டு வாங்கி வரட்டும்.