ட்விக் கார்டு: இந்த முறை வந்த கேள்விகள்

அமெரிக்கத் துறைமுகங்களில் கன்டெய்னர் எடுக்கப் போகும் ஓட்டுநர்களிடமிருந்துதான் இந்த முறை கடிதங்கள் அதிகம். ட்விக் என்பது துறைமுகத்தின் பாதுகாக்கப்பட்ட பகுதிக்குள் துணையில்லாமல் நுழையத் தேவைப்படும், பின்னணிச் சோதனைக்குப் பிறகு தரப்படும் அடையாள அட்டை. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒன்றாகச் சேர்த்துவிட்டேன். பெயர் பற்றிய கேள்விக்கு மட்டும் பதில் நீளம். பொறுமையாகப் படியுங்கள்.

புதிதாக சி.டி.எல். (கனரக வாகன ஓட்டுநர் உரிமம்) எடுத்திருக்கிறேன். வருகிற திங்கட்கிழமை சவானா துறைமுகத்தில் லோடு. அதற்குள் ட்விக் கிடைக்குமா?

கிடைக்காது. வேலைக்குத் தேவைப்படும் நாளுக்கு 60 நாள் முன்பே விண்ணப்பிக்கும்படி, கார்டை வழங்கும் அமெரிக்கப் போக்குவரத்துப் பாதுகாப்பு அமைப்பான டி.எஸ்.ஏ.வே சொல்கிறது. பலருக்கு ஒன்றிரண்டு வாரத்தில் வந்துவிடுகிறது, உண்மைதான். ஆனால் கைரேகை சரியாக விழவில்லை, குடியேற்ற நிலையைச் சரிபார்க்க வேண்டியிருக்கிறது, பழைய வழக்கு ஒன்று இருக்கிறது என்று ஏதாவது குறுக்கே வந்தால் ஒன்றரை மாதம்கூடத் தாண்டும். லோடு ஒதுக்கும் டிஸ்பேட்ச்சரிடம் இன்றே சொல்லிவிடுங்கள். சில டெர்மினல்களில் ட்விக் வைத்திருக்கும் ஒருவரைத் துணைக்கு அனுப்பி, எஸ்கார்ட் முறையில் உள்ளே விடுவார்கள். அது அந்த டெர்மினலின் விருப்பம், தனிக் கட்டணமும் இருக்கலாம். கேட்டில் போய் நின்றுகொண்டு கேட்காதீர்கள். முதலில் போன் செய்யுங்கள்.

கட்டணம் எவ்வளவு? ஒரு இணையதளம் 200 டாலருக்கு மேல் கேட்கிறது.

ஐந்து வருட கார்டுக்குச் சுமார் 125 டாலர். 200 கேட்பவர் இடைத்தரகர். அவரால் உங்களுக்காகக் கைரேகை வைக்க முடியாது, புகைப்படம் எடுத்துக்கொள்ளவும் முடியாது. எப்படியும் நீங்கள்தான் என்ரோல்மென்ட் சென்டருக்குப் போகவேண்டும். டி.எஸ்.ஏ.வின் அரசுத் தளத்திலிருந்தே தொடங்குங்கள், முகவரி டாட் கவ் (.gov) என்று முடிகிறதா என்று பாருங்கள். உங்கள் சோஷியல் செக்யூரிட்டி எண்ணை முன்பின் தெரியாத தளத்தில் கொடுப்பது 75 டாலரை இழப்பதைவிடப் பெரிய ஆபத்து. இன்னொன்று: கட்டிய பணம் திரும்ப வராது. அதனால் கட்டுவதற்கு முன் பெயரைச் சரிபாருங்கள்.

என்னிடம் ஹேஸ்மேட் (ஆபத்தான சரக்கு ஏற்றும் அனுமதி) இருக்கிறது. கட்டணம் குறையுமாமே?

குறையும். ஹேஸ்மேட் எண்டார்ஸ்மென்ட் இருந்தாலும் எல்லையை வேகமாகக் கடக்க உதவும் ஃபாஸ்ட் கார்டு இருந்தாலும் 20, 30 டாலர் மிச்சம். பின்னணிச் சோதனை ஏற்கெனவே நடந்துவிட்டது என்பதால் இந்தச் சலுகை. ஆனால் சலுகையில் வாங்கிய ட்விக்கின் ஐந்து வருடம் அந்தப் பழைய சோதனையின் தேதியிலிருந்தே எண்ணப்படும். ஹேஸ்மேட் முடிய ஒரு வருடம்தான் இருக்கிறது என்றால் முழுக் கட்டணம் கட்டுவதே லாபம். கணக்குப் போட்டுப் பாருங்கள்.

கிரீன் கார்டில் முதல் பெயர் இடத்தில் "எஃப்.என்.யு." என்று இருக்கிறது. லைசென்ஸில் அப்பா பெயர் சேர்ந்திருக்கிறது. என்ரோல்மென்ட் சென்டரில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். என்ன செய்வது?

இதே கேள்வி வேறு வேறு வடிவத்தில் ஒரு கட்டு வந்திருக்கிறது. ஒருவருக்கு ஒரு ஆவணத்தில் இனிஷியல் முன்னால், லைசென்ஸில் பின்னால். இன்னொருவருக்கு இந்தியப் பாஸ்போர்ட்டில் கணவர் பெயர், சோஷியல் செக்யூரிட்டி கார்டில் தந்தை பெயர். ஒருவர் தன் பெயரை மூன்று ஆவணங்களில் மூன்று விதமாக எழுதி அனுப்பி, "இதில் எதைப் போடுவது?" என்று கேட்கிறார். நமக்குக் குடும்பப் பெயர் என்ற வழக்கமே இல்லை. அங்கே உள்ள படிவத்துக்கோ அது இல்லாமல் ஒரு அடி நகராது. பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் இருந்தால் அமெரிக்க விசாவில் அதைக் குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டு, முதல் பெயர் தெரியவில்லை என்பதற்கு அந்த மூன்று எழுத்தைப் போட்டுவிடுகிறார்கள். அது விசாவிலிருந்து கிரீன் கார்டுக்குப் போகிறது, அங்கிருந்து எங்கெங்கோ போகிறது. ஒவ்வொரு கவுன்டரிலும் "பரவாயில்லை, அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்" என்று விட்டு வந்ததெல்லாம் ட்விக்கில் ஒன்றாக வந்து முட்டுகிறது. இதில் ஓட்டுநரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் இதைச் சரிசெய்யக்கூடிய ஆள் அவர் மட்டும்தான்.

விதி எளியது. விண்ணப்பத்தில் உள்ள பெயர், நீங்கள் காட்டும் ஆவணத்தில் உள்ள பெயரோடு எழுத்துக்கு எழுத்து பொருந்த வேண்டும். இரண்டு ஆவணம் காட்டினால் இரண்டும் பொருந்த வேண்டும். பொருந்தாவிட்டால் பெயர் மாறியதற்கான சட்டப்படியான சான்று வேண்டும்: திருமணச் சான்றிதழ், நீதிமன்ற உத்தரவு போன்றவை. "இந்த இரண்டு பெயரும் ஒருவரே" என்று ஊரில் நோட்டரியிடம் எழுதி வாங்கிய காகிதத்தை நம்பிக் கிளம்பாதீர்கள்.

பலருக்குத் தெரியாத வழி ஒன்று உண்டு. அமெரிக்கப் பாஸ்போர்ட்டோ கிரீன் கார்டோ இருந்தால் அந்த ஒரு ஆவணமே போதும், லைசென்ஸைக் கூட நீட்ட வேண்டியதில்லை. கிரீன் கார்டில் இருப்பதை அப்படியே, அந்த மூன்று எழுத்து உட்பட, விண்ணப்பத்தில் எழுதினால் விண்ணப்பம் நகர்ந்துவிடும். அவசரத்துக்கு இது உதவும். ஆனால் துறைமுக கேட்டில் காவலர் ட்விக்கையும் சி.டி.எல்.லையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பார். பெயர் ஒத்துப்போகவில்லை என்றால் பின்னால் நாற்பது டிரக் ஹாரன் அடிக்க, நீங்கள் யூ-டர்ன் போடவேண்டியிருக்கும். ஆகவே இது தற்காலிக ஏற்பாடு.

நிரந்தரமாகச் சரிசெய்ய ஒரு வரிசை உண்டு. முதலில் கிரீன் கார்டு அல்லது பாஸ்போர்ட், அடுத்து சோஷியல் செக்யூரிட்டி, அதன் பிறகு சி.டி.எல்., கடைசியில் ட்விக். கிரீன் கார்டில் திருத்தத்துக்கு ஐ-90 படிவம். குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் நிலையில் இருப்பவர்கள் என்-400 படிவத்திலேயே பெயர் மாற்றம் கேட்கலாம், நீதிமன்றத்தில் உறுதிமொழி எடுக்கும்போது சட்டப்படி மாறிவிடும். அந்த வாய்ப்பைத் தவறவிட்டவர்கள் எனக்கு எழுதும் கடிதங்கள் வருத்தமாக இருக்கின்றன. வரிசையை மாற்றி ட்விக்கை முதலில் வாங்கிவிட்டால் பிறகு மாற்று கார்டுக்கு இன்னொரு 60 டாலர் போகும்.

தஞ்ச மனு நிலுவையில் இருக்கிறது. ஒர்க் பெர்மிட் இருக்கிறது. விண்ணப்பிக்கலாமா?

இப்போது வேண்டாம். வேலை அனுமதி அட்டை மட்டும் ட்விக்குக்குப் போதாது, சட்டப்படியான குடியேற்ற நிலையைத்தான் பார்க்கிறார்கள். தஞ்சம் வழங்கப்பட்டவரும் அகதியாக ஏற்கப்பட்டவரும் தகுதி உள்ளவர்கள். மனு நிலுவையில் இருப்பவர் அந்தப் பட்டியலில் இல்லை. "நண்பருக்குக் கிடைத்தது" என்று எழுதியிருக்கிறீர்கள். நண்பரின் நிலை உங்கள் நிலைதானா என்று கேட்டீர்களா? தீர்ப்பு வரட்டும், அதற்குப் பிறகு கட்டுங்கள்.

பழைய கேஸ் ஒன்று இருக்கிறது. கிடைக்குமா, கிடைக்காதா?

என்ன கேஸ், எப்போது தீர்ப்பு, தண்டனை என்ன? இவற்றில் ஒன்றும் எழுதாமல் இப்படிக் கேட்டால் எப்படிச் சொல்வது? பொதுவாகச் சொல்கிறேன். உளவு, தேசத்துரோகம், பயங்கரவாதம், கொலை போன்றவை நிரந்தரத் தடை. ஆயுதக் குற்றம், கடத்தல், கொள்ளை, லஞ்சம், அடையாள மோசடி, போதைப்பொருள் விநியோகம் போன்றவற்றில் தீர்ப்பாகி 7 வருடத்துக்குள் இருந்தாலோ சிறையிலிருந்து வந்து 5 வருடத்துக்குள் இருந்தாலோ தகுதியில்லை. குடித்துவிட்டு ஓட்டிய வழக்கு இந்தப் பட்டியலில் இல்லை. சி.டி.எல்.லுக்கு அது பெரிய ஆபத்து, ஆனால் அது வேறு கதை. இருந்ததை மறைக்க மட்டும் நினைக்காதீர்கள். ரேகை வைத்தவுடன் தெரிந்துவிடும்.

டி.எஸ்.ஏ.விடமிருந்து "தகுதியில்லை என்று முதல்கட்ட முடிவு" என்று கடிதம். எல்லாம் முடிந்ததா?

முடியவில்லை. பதில் எழுத 60 நாள் இருக்கிறது. பதிவில் தவறு என்றால் அப்பீல். வழக்கு தள்ளுபடியாகியும் பதிவில் அப்படியே கிடப்பது நிறைய நடக்கிறது, நீதிமன்றச் சான்றை இணைத்தால் போதும். குற்றம் உண்மைதான், ஆனால் திருந்திவிட்டேன் என்றால் வேய்வர் (விதிவிலக்கு) கேட்கலாம், பெரும்பாலான குற்றங்களுக்கு அந்த வழி உண்டு. கடிதத்தை டேஷ்போர்டில் போட்டு வைத்துவிட்டு மூன்றாம் மாதம் எனக்கு எழுதாதீர்கள்.

அண்ணை, நான் ஸ்காபரோவில் இருந்து ஓடுறன். ஃபாஸ்ட் கார்டு இருந்தால் ட்விக் தேவையில்லை எண்டு சொல்லுறாங்கள், சரியோ?

தவறு, தம்பி. ஃபாஸ்ட் எல்லையில் வேகமாகக் கடக்க, ட்விக் துறைமுகத்தின் பாதுகாக்கப்பட்ட பகுதிக்குள் துணையில்லாமல் நுழைய. ஒன்று இன்னொன்றுக்கு ஈடாகாது. அமெரிக்காவுக்குள் சரக்கு கொண்டுபோக அனுமதி பெற்ற கனடிய ஓட்டுநர்களும் ட்விக்குக்கு விண்ணப்பிக்கலாம். கனடியத் துறைமுகங்களில் ட்விக் செல்லாது, அங்கே அந்தந்தத் துறைமுகத்தின் பாஸ்தான்.

ட்விக் கையில் இருந்தும் லாங் பீச்சில் உள்ளே விடவில்லை. இது நியாயமா?

நியாயம்தான். 2002-ஆம் வருடத்துக் கடல்வழிப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வந்தது இந்தக் கார்டு. உங்கள் பின்னணி பார்க்கப்பட்டது என்பதற்கு மட்டுமே அது சான்று, நுழையும் உரிமை அல்ல. உள்ளே விடுவதா வேண்டாமா என்பது டெர்மினல் கையில். லாஸ் ஏஞ்சலஸ், லாங் பீச் இரண்டிலும் உங்கள் டிரக், துறைமுகக் கன்டெய்னர் ஏற்றும் டிரக்குகளுக்கான டிரேஜ் பதிவேட்டில் இருக்க வேண்டும். அப்பாயின்ட்மென்ட்டும் இருந்ததா? நீங்கள் எழுதவில்லை. ஃப்ளோரிடாவில் மயாமி, எவர்கிளேட்ஸ் துறைமுகங்கள் தங்கள் சொந்த அடையாள அட்டையையும் கேட்கும். புதிய துறைமுகத்துக்கு முதல் லோடு எடுக்கும் முன் அவர்கள் தளத்தைப் படித்துவிடுங்கள்.

கார்டு போன மாதம் முடிந்துவிட்டது. ஒரு வாரம் சமாளிக்கலாமா?

முடியாது. முடிந்த கார்டு வெறும் பிளாஸ்டிக். காலாவதிக்கு ஒரு வருடம் முன்பிருந்தே புதுப்பிக்கலாம், முடிந்து ஒரு வருடம் வரையும் செய்யலாம். குடிமக்களில் பெரும்பாலோரும் கிரீன் கார்டு உள்ளவர்களும் 2022 முதல் ஆன்லைனிலேயே செய்ய முடிகிறது. பெயர் மாறியிருந்தால் சென்டருக்கு நேரில் போகவேண்டும். ஆகவே புதுப்பிக்கும்போதும் முதலில் பெயரைப் பாருங்கள்.

கழுத்தில் மாட்ட கார்டில் ஓட்டை போடலாமா?

கூடாது. உள்ளே ஆன்டெனா இருக்கிறது, அறுந்தால் ரீடரில் படிக்காது. உறையில் போட்டு மாட்டுங்கள். வெயிலில் டேஷ்போர்டிலும் வைக்காதீர்கள்.

விமான நிலையத்தில் இதைக் காட்டலாமா?

காட்டலாம், அடையாளச் சான்றாக ஏற்கிறார்கள். குடிமகனாகவோ கிரீன் கார்டு உள்ளவராகவோ இருந்தால் கார்டின் பின்பக்கத்தில் உள்ள சி.ஐ.என். எண்ணை டிக்கெட் எடுக்கும்போது நோன் டிராவலர் எண் கேட்கும் கட்டத்தில் போடுங்கள், சோதனை சீக்கிரம் முடியும் ப்ரீசெக் வரிசை கிடைக்கும். டிக்கெட்டிலும் கார்டிலும் பெயர் ஒன்றாக இருக்க வேண்டும்.