ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலையா?

கேள்வி: எனக்கு 34 வயது. நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம். இரண்டு சம்பளமும் சேர்ந்து மாதம் 1,20,000. வீடு வாங்க 50 லட்சம் கடன் எடுக்கப்போகிறோம். வட்டி 8.5%, மாறும் வட்டி. 20 வருடத்துக்கு எடுத்தால் மாதத் தவணை 43,391 வருகிறது. கடன் அதிகாரியோ, "30 வருடமாகப் போட்டுக்கொள்ளுங்கள், 38,446 கட்டினால் போதும், கை கடிக்காது" என்கிறார். கடன் காப்பீட்டுக்கான 1 லட்சத்தையும் கடனிலேயே சேர்த்துவிடலாமாம். முன்பணம், பதிவுச் செலவு எல்லாம் போகக் கையில் 4 லட்சம் மிஞ்சும். "ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலை கொடுக்கப்போகிறாய்" என்று என் மாமா சொன்னதிலிருந்து தூக்கமே வரவில்லை. உண்மையில் இந்தக் கடன் எங்களுக்கு எவ்வளவு செலவு வைக்கும்?

பதில்: உங்கள் மாமா போட்ட கணக்கில் தப்பில்லை. 43,391 வீதம் 240 மாதம் கட்டினால் மொத்தம் 1 கோடியே 4 லட்சத்து 14 ஆயிரம் ஆகிறது. வாங்கியது 50 லட்சம், வட்டி 54 லட்சத்துக்கு மேல். 30 வருடம் என்றால் மொத்தம் 1 கோடியே 38 லட்சத்து 40 ஆயிரம், அதில் வட்டி மட்டும் 88 லட்சம். அதாவது மாதம் 4,945 குறைவாகக் கட்டுவதற்காக முடிவில் 34 லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள். அந்த அதிகாரி இந்த இரண்டு எண்களையும் பக்கத்துப் பக்கத்தில் எழுதிக் காட்டியிருக்க வேண்டும்.

ஆனால் இந்தப் பெரிய எண்ணைப் பார்த்து நீங்கள் தூக்கத்தைத் தொலைக்க வேண்டியதில்லை. அது ஏற்கெனவே எழுதி முடிக்கப்பட்ட தொகை இல்லை. இன்று கையெழுத்துப் போடுவதால் 54 லட்சம் வட்டி உங்கள் தலையில் ஏறிவிடாது. வீட்டுக் கடனில் வட்டி என்பது ஒவ்வொரு மாதமும், அந்த மாதம் மீதியிருக்கும் அசலுக்கு மட்டும் போடப்படுவது. அசல் எவ்வளவு நாள் உங்களிடம் தங்குகிறதோ அவ்வளவு வாடகை. அது சீக்கிரம் இறங்கினால் மொத்தச் செலவு தானாகவே சுருங்கும். இறங்காமல் நின்றால் பெருகும். ஆகவே நீங்கள் கவனிக்க வேண்டிய எண் தவணை இல்லை, நிலுவை, அதாவது இன்னும் கட்டாமல் மீதியிருக்கும் அசல்.

முதல் மாதத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 50 லட்சத்துக்கு 8.5% என்றால் ஒரு மாத வட்டி 35,417. நீங்கள் கட்டும் 43,391இல் அது போக அசலுக்குச் சேருவது 7,974. ஒரு வருடம் முழுக்க 5,20,694 கட்டிய பிறகு அசலில் குறைந்திருப்பது ஏறக்குறைய 99,500தான். அடுத்தடுத்த மாதங்களில் வட்டி கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து அசலின் பங்கு கூடும். ஆனால் மெதுவாக. தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 143ஆவது மாதத்தில். கிட்டத்தட்ட 12 வருடம் கழித்து!

பத்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியபின் நிலுவை எவ்வளவு இருக்கும் என்று நினைக்கிறீர்கள்? பாதிக் காலம் போய்விட்டது, பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்றுதான் எல்லோரும் எதிர்பார்க்கிறார்கள். உண்மையில் 35 லட்சம் மீதி இருக்கும். அதுவரை கட்டியது 52 லட்சம்! 50 லட்சத்தில் பாதி தீர 13 வருடம் 10 மாதம் ஆகும். என்னிடம் வருபவர்களில் சிலர் எட்டு, ஒன்பது வருடம் ஒழுங்காகக் கட்டிவிட்டு, நிலுவைக் கணக்கை முதல்முறையாகப் பார்த்து, ஏதோ மோசடி நடந்திருக்கிறது என்று பதறியபடி வருகிறார்கள். மோசடி எதுவுமில்லை, கணக்கு சரியாகவே இருக்கும். முதல் நாளே தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி யாராவது விளக்கியிருந்தால் அந்த வேதனை வந்திருக்காது. நீங்கள் கையெழுத்துக்கு முன்பே அதை வாங்குங்கள். ஒவ்வொரு மாதமும் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, நிலுவை எவ்வளவு என்று அதில் இருக்கும்.

இதிலிருந்து ஒரு நல்ல செய்தியும் கிடைக்கிறது. ஆரம்பத்தில் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு காசும் நேராக அசலைக் குறைக்கிறது. உங்கள் கடனில் முதல் வருட முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், கடைசியில் 11 மாதத் தவணை இல்லாமல் போகும். அந்த 1 லட்சம் போக, மிச்சமாகும் வட்டி 3 லட்சத்து 82 ஆயிரம். அதே 1 லட்சத்தை 15ஆவது வருட முடிவில் கட்டினால் மிச்சம் வெறும் 51 ஆயிரம். ஒரே தொகைதான், கட்டிய காலம்தான் வேறு.

இங்கே நேர்மையாக ஒன்றைச் சொல்ல வேண்டும். 20 வருடம் கழித்துக் கொடுக்கப்போகும் பணமும் இன்றைய பணமும் ஒன்றல்ல. விலைவாசி வருடத்துக்கு 5% ஏறுகிறது என்று வைத்துக்கொண்டால், கடைசித் தவணையான 43,391க்கு இன்றைய மதிப்பு 16,350 அளவில்தான் இருக்கும். உங்கள் சம்பளமும் அதற்குள் ஏறியிருக்கும். ஆகவே "இரண்டு வீட்டு விலை" என்பது எண்ணளவில் உண்மை, மதிப்பளவில் அவ்வளவு கொடுமை இல்லை. இந்த வாதத்தை வைத்துத்தான் சிலர், "நீண்ட காலக் கடன் எடு, தவணையில் மிஞ்சுவதை முதலீடு செய்" என்கிறார்கள். வரி போக 8.5%க்கு மேல் வருமானம் உறுதியாக வந்தால் அது சரியான யோசனைதான். ஆனால் அப்படி உறுதியாகத் தரும் முதலீடு அபூர்வம். அந்த 4,945ஐ 30 வருடம் மாதாமாதம் நிஜமாகவே எடுத்து வைப்பவர்கள் அதைவிட அபூர்வம். அது வீட்டுச் செலவில் கரைந்துவிடும்.

சரி, இனி மாறும் வட்டிக்கு வருவோம். நான் அதிகம் கவலைப்படுவது இதைப் பற்றித்தான். மேலே சொன்ன எல்லாக் கணக்கும் 8.5% கடைசிவரை அப்படியே இருந்தால் மட்டும். மாறும் வட்டியில் அது இருக்காது. வட்டி ஏறும்போது வழக்கமாக நடப்பது, தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிடுவது. வாடிக்கையாளருக்கு மாதச் செலவு மாறாததால் அவர் கவனிப்பதுகூட இல்லை.

உங்கள் 20 வருடக் கடனில் ஒரு வருடம் கழித்து வட்டி 8.5%இலிருந்து 9.5% ஆகி, அப்படியே நின்றுவிடுகிறது என்று வைத்துக்கொள்வோம். தவணை அதே 43,391. மீதி 228 மாதத்தில் முடிய வேண்டிய கடன் 285 மாதம் இழுக்கும். 4 வருடம் 9 மாதம் அதிகம். பணத்தில் சுமார் 24 லட்சத்து 60 ஆயிரம். அதற்குப் பதிலாக, காலத்தை நீட்டாதீர்கள், தவணையை ஏற்றுங்கள் என்று கேட்டிருந்தால் தவணை 46,498 ஆகியிருக்கும். மாதம் 3,107தான் கூடுதல். கடைசிவரை கட்டினாலும் கூடுதல் செலவு 7 லட்சத்தைச் சற்றே தாண்டும். 24 லட்சத்துக்கும் 7 லட்சத்துக்கும் நடுவே இருப்பது ஒரு கடிதமோ, கிளைக்கு ஒரு நடையோ மட்டுமே. வட்டி மாறியதாகத் தகவல் வந்தவுடன் "இப்போது எத்தனை மாதம் மீதி?" என்று கேளுங்கள்.

30 வருடக் கடனில் இந்த ஆபத்து இன்னும் பெரிது. 38,446 தவணையில் முதல் மாத வட்டி போக அசலுக்குப் போவது 3,029 மட்டுமே. இடைவெளி அவ்வளவு குறுகலாக இருப்பதால், ஆரம்பத்திலேயே வட்டி 9.25% ஆகிவிட்டால் மாத வட்டி 38,542 ஆகிறது. முழுத் தவணையும் வட்டிக்கே போதாது. கட்டக் கட்டக் கடன் வளரும். அந்த நிலையில் காலத்தை நீட்டியும் பயனில்லை, தவணையை ஏற்றியே ஆக வேண்டும். கை கடிக்காது என்று எடுத்த கடன் அன்றைக்குக் கடிக்கும். 20 வருடத் தவணை இப்படித் தடுமாற வட்டி 10.4% வரை ஏற வேண்டும்.

நிலையான வட்டி கிடைத்தால்? பொதுவாக அதன் விகிதம் தொடக்கத்தில் கொஞ்சம் அதிகமாக இருக்கும், நிம்மதிக்கான விலை அது. முழுக் காலத்துக்கும் நிலையானதா, முதல் சில வருடங்களுக்கு மட்டுமா என்று பத்திரத்தில் படித்துப் பாருங்கள். அப்புறம், வேறு யாராவது "எங்களிடம் வட்டி 5%தான்" என்று வந்தால் அது நிலுவைமேல் போடும் வட்டியா, கடைசிவரை முழு 50 லட்சத்துக்கும் போடும் வட்டியா என்று கேளுங்கள். 20 வருடத்துக்கு இரண்டாவது வகையில் போடும் 5%, நீங்கள் இப்போது பேசும் வகையில் ஏறக்குறைய 8%க்குச் சமம்.

இப்போது உங்கள் முடிவுகள்.

20 வருடமே எடுங்கள். தவணை உங்கள் வருமானத்தில் 36% வருகிறது. இரண்டு பேரும் வேலையில் இருக்கும்வரை சமாளிக்கலாம். 30 வருடம் என்றால் கடன் முடியும்போது உங்களுக்கு 64 வயது. சம்பளம் நின்றபின்னும் தவணை ஓடக்கூடாது. ஒரு விதிவிலக்கு உண்டு: அடுத்த இரண்டு மூன்று வருடத்தில் இருவரில் ஒருவர் வேலையை விட வேண்டிவரலாம் என்று இப்போதே தெரிந்தால், முன்கூட்டியே கட்டுவதற்கு அபராதம் கிடையாது என்பதும் எழுத்தில் இருந்தால், 30 வருடமாக எடுத்து, முடிந்த மாதமெல்லாம் 43,391 கட்டுங்கள். வட்டி மாறாதவரை அதுவும் 20 வருடத்திலேயே முடிந்துவிடும். கஷ்டமான மாதத்தில் 38,446 கட்டினால் போதும். ஆனால் இது கட்டுப்பாடு உள்ளவர்களுக்கான வழி. உங்களை நீங்களே அறிவீர்கள்.

சம்பளம் ஏறும்போது தவணையையும் ஏற்றுங்கள். நான் யாருக்குச் சொன்னாலும் முதலில் சொல்வது இதைத்தான். 43,391இல் தொடங்கி வருடத்துக்கு 5% மட்டும் கூட்டினால், அதாவது இரண்டாம் வருடம் மாதம் 2,170 கூடுதல், 20 வருடக் கடன் 12 வருடம் 3 மாதத்தில் தீர்ந்துவிடும். வட்டி 54 லட்சத்திலிருந்து சுமார் 34 லட்சத்து 60 ஆயிரமாகக் குறையும். உங்கள் 46 வயதில் வீடு முழுக்க உங்களுடையது.

காப்பீட்டை மறுக்காதீர்கள், ஆனால் கடனில் சேர்க்காதீர்கள். இருவர் வருமானத்தை நம்பிய கடனுக்கு ஆயுள் காப்பீடு அவசியம். 1 லட்சத்தைக் கடனோடு சேர்த்தால் 20 வருடத்தில் அது 2,08,000 ஆகிறது, 30 வருடத்தில் 2,77,000. வருடாவருடம் கட்டும் டேர்ம் காப்பீட்டை (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் ஆயுள் காப்பீடு) இருவர் பெயரிலும் தனியாக எடுத்து விலையை ஒப்பிட்டுப் பாருங்கள். அது கடனோடு கட்டுப்பட்டதில்லை, கடன் சீக்கிரம் முடிந்தாலும் தொடரும். பிராசஸிங் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், வழக்கறிஞர் கட்டணம் போன்றவற்றையும் கையிலிருந்தே கட்டுங்கள்.

கடைசியாக அந்த 4 லட்சம். ஆறு மாதத் தவணையான 2 லட்சத்து 60 ஆயிரத்தை உடனே எடுக்கக்கூடிய சேமிப்பில் போட்டு மறந்துவிடுங்கள். குடிபோகும் செலவும் முதல் வருடப் பழுதுகளும் நீங்கள் நினைப்பதைவிட அதிகமாகவே வரும். அதற்கு 40 ஆயிரம் ஒதுக்குங்கள். கிரெடிட் கார்டில் பாக்கி ஏதாவது இருந்தால் மிஞ்சிய பணத்தில் அதை முதலில் அடைத்துவிடுங்கள், அதன் வட்டி இதைவிடப் பல மடங்கு. எதுவும் இல்லையென்றால் முதல் வருட முடிவில் அந்த 1 லட்சத்தைக் கடனில் கட்டுங்கள். கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுத்து, ஒரு வாரம் கழித்துப் புதிய அட்டவணையை வாங்கி, 11 மாதம் குறைந்திருக்கிறதா என்று எண்ணிப் பாருங்கள்.