டிவி வேண்டாம்னு ஓட்டு போட்ட ஊர்ல ஒரு டைரக்டர்

கேள்வி: எஸ்கிமோக்கள் அவங்களே எடுத்த சினிமான்னு ஏதாவது இருக்கா சார்? (வாசகர், தென்காசி)

இருக்கு. ஆனா எஸ்கிமோங்கிறது வெளியாளுங்க வச்ச பேரு, கனடாவுல அவங்க தங்களை இனுயிட்னுதான் சொல்லிக்கிறாங்க, நாமளும் அப்படியே சொல்லுவோம். ஜகரியாஸ் குனுக்னு ஒரு இனுயிட் டைரக்டர், 1957ல கனடாவோட வடகோடியில வேட்டைக்காரக் குடும்பத்துல பிறந்தவர். 9 வயசுல பள்ளிக்கூடத்துக்காக இக்லூலிக்ங்கிற ஊருக்கு வந்தார். அங்க ஹால்ல இங்கிலீஷ் படம் போடுவாங்க, டிக்கெட் காசுக்காக மாக்கல்லுல பொம்மை செதுக்கி வித்திருக்கார் மனுஷன். 1981ல அப்படி செதுக்குனத மாண்ட்ரியல்ல வித்து ஒரு வீடியோ கேமரா, விசிஆர், டிவி பொட்டி எல்லாம் வாங்கிட்டு ஊருக்கு வந்துட்டார். கூத்து என்னன்னா அப்போ அந்த ஊர்ல டிவியே தெரியாது! 1975லயும் 1979லயும் ஊரே ஓட்டு போட்டு வேண்டாம்னு சொல்லிருச்சு, ஏன்னா வர்றது பூரா இங்கிலீஷ், அவங்க இனுக்டிடுட் மொழியில ஒண்ணும் கிடையாது, பிள்ளைங்க பேச்சே மாறிடும்னு பயம். நியாயமான பயம்தான்.

கேள்வி: ஹீரோ பனியில அம்மணமா ஓடுற படம் அவரோடதுதானா? (அதே வாசகர்)

அதேதான், அடனார்ஜுவாட். அண்ணனும் தம்பியும் கூடாரத்துல தூங்கும்போது எதிரிங்க கூடாரத்தையே மேல சாய்ச்சு ஈட்டியால குத்துறாங்க, அண்ணன் செத்துர்றான், தம்பி உடம்புல துணியில்லாம கடல்பனி மேல ஓடுறான், நடிச்சவர் நாதார் உங்கலாக். பார்க்கிற நமக்கே கால் விறைக்கும். முழுசா இனுக்டிடுட்லயே எழுதி நடிச்ச முதல் முழுநீளப் படம், 2001 கேன்ஸ்ல முதல் பட டைரக்டருக்கான கேமரா டோர் விருது வாங்குச்சு. குனுக் கூட 1990ல இசுமாங்கிற சினிமா கம்பெனியை ஆரம்பிச்ச பால் அபாக்தான் ஊர்ப் பெரியவங்கள உக்காரவச்சு இந்தப் பழைய கதையைக் கேட்டு ஸ்கிரிப்ட் பண்ணவர், பாவம், 1998லயே போயிட்டார், படத்தைப் பார்க்கல. பழைய கதையில கடைசியில ரத்தப்பழி, படத்துல ஹீரோ பழிவாங்குறத நிறுத்திடுறான். எனக்கு அந்த மாத்தம் பிடிச்சிருந்தது, படம் கிட்டத்தட்ட 3 மணி நேரம், முதல் அரைமணி யாரு யாருன்னே புரியாது, பொறுத்துக்கணும்.

கேள்வி: அப்புறம் என்ன ஆனார்? (வாசகி, மதுரை)

2011ல கம்பெனி கடன்ல முழுகிருச்சு. விடலயே, 2016ல, 2019லன்னு எடுத்துக்கிட்டே இருக்கார். ஒண்ணே ஒண்ணு பார்க்கணும்னா 2019ல வந்த, நோவா பியுகாட்டுக்ங்கிற இனுயிட் பெரியவர் பத்தின படம் பாருங்க. 1961ல நோவா வேட்டைக்கு வந்த இடத்துல ஒரு வெள்ளக்கார ஆபீசர் அவரைப் பார்த்து, ஊருக்குள்ள குடிவாங்க, பிள்ளைங்கள ஸ்கூல்ல சேருங்கன்னு பேசுறார், நடுவுல ஒரு மொழிபெயர்ப்பாளர், இவர் சொல்றது ஒண்ணு அவருக்குப் போறது ஒண்ணு, டீ குடிச்சுக்கிட்டே பெரியவர் மாட்டேன்னுட்டே இருக்கார். அதுக்கு 5 வருஷம் கழிச்சு, 1966ல, இக்லூலிக் ஸ்கூல்ல வந்து உக்கார்ந்த பையன்தான் இந்த குனுக்.