தங்க வேட்டையும் ராக் அண்ட் ரோலும்: எந்தப் புத்தகத்தை நம்பலாம்? (கேள்வி பதில்)

தங்கம் கிடைத்த சேதி கேட்டுக் கூட்டம் கூட்டமாக ஜனங்கள் ஓடிய கலிபோர்னியா, கனடாவின் க்ளோண்டைக் தங்க வேட்டை பற்றியும் 1950களின் ராக் அண்ட் ரோல் பற்றியும் வந்த கேள்விகளை ஒன்றாகவே எடுத்துக்கொள்கிறேன். இரண்டு துறைக்கும் தொல்லை ஒன்றுதான். கட்டுக்கதை முந்திக்கொண்டது, ஆவணம் தாமதமாக வந்து சேர்ந்தது.

கலிபோர்னியா தங்க வேட்டை பற்றி ஒரே ஒரு புத்தகம்தான் வாங்க முடியும் என்றால் எதை வாங்கலாம் சார்?

ஜே. எஸ். ஹாலிடே எழுதிய 'தி வேர்ல்ட் ரஷ்ட் இன்', 1981இல் வந்தது. நியூயார்க் மாநிலத்தின் யங்ஸ்டவுனிலிருந்து 1849இல் கிளம்பிய வில்லியம் ஸ்வெய்ன் என்பவரின் நாட்குறிப்பும் கடிதங்களும்தான் இதன் முதுகெலும்பு. ஊரிலிருந்து மனைவியும் அண்ணனும் அவருக்குப் போட்ட கடிதங்களும் இடையிடையே வருகின்றன. கடிதம் போய்ச் சேர மாதக்கணக்கில் ஆகும். இங்கே ஒரு கேள்வி கேட்டால், பதில் வருவதற்குள் அங்கே நிலைமையே மாறியிருக்கும். ஸ்வெய்ன் விட்ட இடத்தை மற்றவர்களின் நாட்குறிப்புகளைக் கொண்டு ஹாலிடே நிரப்புகிறார்.

படிக்கும்போது வரைபடம் பக்கத்தில் இருக்கட்டும். இன்டிபென்டன்ஸ், பிளாட் ஆறு, ஃபோர்ட் லாரமி, சவுத் பாஸ், பிறகு லாஸன் பாதை. இந்த வரிசை மனதில் நிற்காவிட்டால் நடுப்பகுதியில் திணறிப் பாதியில் வைத்துவிடுவீர்கள். தடித்த புத்தகம் வேண்டாம், ஓட்டமாகப் படிக்க வேண்டும் என்றால் ஹெச். டபிள்யூ. பிராண்ட்ஸின் 'தி ஏஜ் ஆஃப் கோல்ட்' (2002) போதும்.

தங்கம் கண்டெடுத்த தேதி ஒரு புத்தகத்தில் ஜனவரி 19, இன்னொன்றில் 24 என்று இருக்கிறதே?

1848 ஜனவரி 24தான் சரி. குழப்பம் வந்த வழியைத் தெரிந்துகொண்டால் மற்ற புத்தகங்களை எடைபோடவும் அது உதவும். கோலோமாவில் ஜான் சட்டருக்காக மர அறுப்பு ஆலை கட்டிக்கொண்டிருந்த ஜேம்ஸ் மார்ஷல்தான் முதலில் தங்கத்தைப் பார்த்தார். பிற்பாடு அவரே சொன்ன தேதி 19ஐ ஒட்டி வந்தது. பார்த்தவரே சொன்னதால் அதையே வெகுகாலம் எல்லாரும் எடுத்தாண்டார்கள். ஆனால் அங்கே கூலி வேலை பார்த்த ஹென்றி பிக்லர் என்ற மார்மன் சமயப் பிரிவு இளைஞர், ஆலையிலிருந்து தண்ணீர் வெளியேறும் வாய்க்காலில் தங்கம் போல ஏதோ உலோகம் கிடைத்தது என்று தன் நாட்குறிப்பில் அன்றன்றைக்கே எழுதி வைத்திருந்தார். எழுத்தெல்லாம் பிழைதான், தேதி மட்டும் பிழையில்லை. அந்தக் குறிப்பு வெளிவந்த பிறகு 24 உறுதியானது.

புத்தகம் வாங்கும்போது இதைத்தான் பார்க்க வேண்டும். பின்பக்கக் குறிப்புகளுக்குப் போய், ஒவ்வொரு தகவலுக்கும் காட்டியிருக்கும் மூலம் எந்த ஆண்டு எழுதப்பட்டது என்று பாருங்கள். 1849 சம்பவத்துக்கு 1849, 1850இன் கடிதம் மூலமாக இருந்தால் நல்லது. 1890இல் யாரோ கிழவர் பத்திரிகைக்குச் சொன்னது மட்டுமே மூலம் என்றால் கொஞ்சம் தள்ளி நின்றே படியுங்கள். குறிப்புகளே இல்லையா? நாவலாக நினைத்துப் படித்துக்கொள்ளுங்கள்.

பழைய நூல்களின் மறுபதிப்பு இணையத்தில் மலிவாகக் கிடைக்கிறது. வாங்கலாமா அண்ணே?

காசு கொடுக்குமுன் மாதிரிப் பக்கங்களைத் திறந்து பாருங்கள். ஆர்டர் வந்தபின் அச்சடித்து அனுப்பும் மறுபதிப்புகள் பல, ஸ்கேன் செய்ததை இயந்திரத்தை வைத்து எழுத்தாக்கியவை. 1849 என்பது 1840 ஆகியிருக்கும். அடிக்குறிப்பு பத்தியின் நடுவே வந்து உட்கார்ந்திருக்கும். மூலநூலில் மடித்து வைத்த பெரிய வரைபடம் பாதி வெட்டுப்பட்டோ, அடியோடு காணாமலோ போயிருக்கும். அட்டவணை உள்ள பக்கம் ஒன்றை எடுத்துப் பாருங்கள், எண்கள் நெளிந்திருந்தால் விட்டுவிடுங்கள்.

காப்புரிமை முடிந்த நூல்களுக்கு நூலக ஸ்கேனே மேல், அது இலவசமும்கூட. 'டேம் ஷெர்லி' என்ற புனைபெயரில் லூயிஸ் கிளாப் 1851–52இல் ஃபெதர் ஆற்றங்கரையின் ரிச் பார், இந்தியன் பார் முகாம்களிலிருந்து தங்கைக்கு எழுதிய 23 கடிதங்களை அப்படியே படிக்கலாம். சுரங்க முகாமின் சமையல், குடி, சவுக்கடித் தண்டனை என எல்லாவற்றையும் ஒரு மருத்துவரின் மனைவி கூர்மையாகப் பார்த்து எழுதியது. இந்தத் துறையில் இதைவிடச் சுவையான மூலம் குறைவு.

தங்கத்தின் விலை ஒரு புத்தகத்தில் அவுன்ஸ் 16 டாலர், இன்னொன்றில் 20 டாலர் 67 சென்ட். எது சரி?

இரண்டும் சரி. 20.67 என்பது சுத்தத் தங்கத்துக்கு அன்றைய அரசு நாணயச் சாலைக் கணக்கு. 16 என்பது கலிபோர்னியாவில் தங்கத்தூளுக்குப் புழங்கிய விலை. ஆற்றில் அரித்த தங்கத்தில் வெள்ளி கலந்திருக்கும், மேலே வியாபாரியின் லாபமும் உண்டு. இது தங்கம் எடைபோடும் ட்ராய் அவுன்ஸ், அதாவது 31.1 கிராம். மாவு, பன்றி இறைச்சி எல்லாம் சாதாரண அவுன்ஸில், 28.35 கிராம். நூலாசிரியரே இரண்டையும் குழப்பி இன்றைய மதிப்புக்கு மாற்றியிருந்தால் அந்தத் தொகையைக் கணக்கில் எடுக்காதீர்கள்.

வெள்ளைக்காரர்கள் அல்லாதவர்களைப் பற்றி?

சீனர்களுக்கு மே ங்காய் எழுதிய 'தி சைனீஸ் க்வெஸ்சன்' (2021). கலிபோர்னியா, ஆஸ்திரேலியா, தென்னாப்பிரிக்கா மூன்றையும் சேர்த்துப் பார்க்கிறது. 1850இல் அயல்நாட்டுச் சுரங்கத் தொழிலாளர் மீது மாதம் 20 டாலர் வரி போட்டார்கள். அதில் முதல் அடி வாங்கியவர்கள் மெக்சிகோ, சிலி நாட்டவர்கள். பூர்வகுடிகளைப் பற்றி பெஞ்சமின் மாட்லியின் 'ஆன் அமெரிக்கன் ஜெனோசைடு' (2016). 1846இல் சுமார் 1,50,000 பேராக இருந்தவர்கள் 1870களின் தொடக்கத்தில் சுமார் 30,000 ஆனார்கள். நோய் மட்டும் காரணமில்லை, மாநில அரசின் பணத்தில் நடந்த கொலைகளும் காரணம் என்று பட்டியல் போட்டுக் காட்டுகிறார். படிக்கக் கனமான புத்தகம், ஆனால் இதை விட்டுவிட்டுத் தங்க வேட்டை வரலாறு படித்தேன் என்று சொல்ல முடியாது.

க்ளோண்டைக்குக்கு?

பியர் பெர்ட்டனின் 'க்ளோண்டைக்', 1972இன் திருத்திய பதிப்பாகப் பார்த்து வாங்குங்கள். டாசன் நகரில் வளர்ந்தவர், தந்தையே 1898இல் அங்கே போனவர். நேரில் பார்த்து எழுதியது வேண்டுமென்றால் பத்திரிகையாளர் டாப்பன் ஆட்னியின் 1900ஆம் ஆண்டு நூல். 1896 ஆகஸ்டில் தங்கம் கிடைத்தது, வெளியுலகுக்குத் தெரிந்தது 1897 ஜூலையில். பெருங்கூட்டம் 1898இல் போய்ச் சேர்ந்தபோது நல்ல இடமெல்லாம் பிடித்தாகிவிட்டது. இதை முதல் அத்தியாயங்களிலேயே தெளிவாகச் சொல்லாத நூலைத் தவிர்க்கலாம்.

ராக் அண்ட் ரோலுக்கு வருவோம். முதல் ராக் அண்ட் ரோல் இசைத்தட்டு எது?

ஒரே பெயரைச் சொல்லி முடித்துவிடும் புத்தகத்தை நம்பாதீர்கள். ஜிம் டாசனும் ஸ்டீவ் ப்ரோப்ஸும் இந்தக் கேள்வியையே தலைப்பாக வைத்து 1992இல் எழுதிய நூலில் 50 இசைத்தட்டுகளை வரிசையாக விசாரிக்கிறார்கள், அதுதான் நேர்மையான வழி.

அடிக்கடி சொல்லப்படுவது 'ராக்கெட் 88'. 1951 மார்ச்சில் மெம்ஃபிஸில் சாம் ஃபிலிப்ஸின் ஒலிப்பதிவுக் கூடத்தில் பதிவானது. தட்டின் மேல் ஜாக்கி ப்ரென்ஸ்டன் பெயர் இருக்கும், வாசித்ததோ ஐக் டர்னரின் குழு. கித்தாரின் கரகர சத்தத்துக்குக் காரணம், வழியில் பழுதான ஆம்ப்ளிஃபயர். ஸ்பீக்கரின் கிழிந்த கூம்பில் காகிதத்தைத் திணித்து ஒப்பேற்றினார்கள். அது காரிலிருந்து விழுந்ததா, மழையில் நனைந்ததா என்பது சொல்பவரைப் பொறுத்து மாறும். ஒரு நூலாசிரியர் இரண்டையும் சொல்லி, யார் சொன்னது என்றும் காட்டினால் அவர் நல்ல கை.

பாடகர் எல்விஸ் ப்ரெஸ்லி பற்றி எதைப் படிப்பது ஐயா?

பீட்டர் குரால்னிக்கின் இரண்டு பாகங்கள். 'லாஸ்ட் ட்ரெய்ன் டு மெம்ஃபிஸ்' (1994) 1958 வரை, 'கேர்லெஸ் லவ்' (1999) மரணம் வரை. முதல் பாகம் மட்டும் படித்தாலும் நஷ்டமில்லை. ஆல்பர்ட் கோல்ட்மேனின் 1981 நூலை வசைபாடல் என்று தெரிந்தே எடுங்கள்.

எந்த எல்விஸ் புத்தகத்தையும் ஐந்து நிமிடத்தில் சோதிக்க ஒரு வழி உண்டு. 1953 கோடையில் அவர் சொந்தக் காசு போட்டுப் பதிந்த முதல் தட்டு, அம்மாவின் பிறந்தநாள் பரிசு என்று எழுதியிருக்கிறதா பாருங்கள். அம்மா கிளாடிஸ் பிறந்தது ஏப்ரல் 25. கோடையில் ஏது பிறந்தநாள்? அடுத்து, 1955 நவம்பரில் சாம் ஃபிலிப்ஸின் சன் இசைத்தட்டு நிறுவனத்திடமிருந்து ஆர்சிஏ என்ற பெரிய நிறுவனம் வாங்கிய எல்விஸின் ஒப்பந்தம். சாம் ஃபிலிப்ஸுக்கு 35,000 டாலர், எல்விஸுக்குச் சேர வேண்டிய ராயல்டி பாக்கிக்கு 5,000. வெறுமனே 40,000 என்று மட்டும் போட்டிருந்தால், ஆசிரியர் ஒப்பந்தத்தைப் பார்க்காமல் வேறு புத்தகத்திலிருந்து எடுத்திருக்கிறார் என்று ஊகிக்கலாம்.

இசைக்கலைஞர்களின் சுயசரிதைகள் நம்பகமானவையா?

குரலுக்கு நம்பலாம், தேதிக்குக் கூடாது. ராக் அண்ட் ரோல் பாடகர் சக் பெர்ரியின் 1987 சுயசரிதை அவருடைய மொழி விளையாட்டுக்காகவே படிக்க வேண்டியது. பணக் கணக்குக்கு வேறு ஆவணம் தேடுங்கள். அவருடைய 'மேபலீன்' (1955) பாட்டின் பழைய தட்டுகளில் வானொலி அறிவிப்பாளர் ஆலன் ஃப்ரீடின் பெயரும் எழுதியவர் பட்டியலில் இருக்கும். அவர் ஒரு வரிகூட எழுதவில்லை. வானொலியில் போட்டுத் தள்ளுவதற்கான கைம்மாறு அது. இப்படிப்பட்டவற்றைப் பிடிக்க, தட்டின் லேபிளில் அடைப்புக்குறிக்குள் இருக்கும் பெயர்களையும் பதிப்பு நிறுவனத்தின் பெயரையும் பாருங்கள்.

பதிவு வரிசையைச் சரிபார்க்கும்போது வெளியீட்டு எண்ணையும், ஒவ்வொரு பக்கத்தின் பதிவுக்கும் தனியாகக் கொடுக்கும் மேட்ரிக்ஸ் எண்ணையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். 'சன் 209' என்பது எல்விஸின் முதல் வெளியீட்டு எண், இரண்டு பக்கத்துக்கும் அதேதான். மேட்ரிக்ஸ் எண் பக்கத்துக்குப் பக்கம் வேறு, தட்டின் உள்வளையத்தில் பாட்டு முடிந்த பின் வரும் வெற்று இடத்திலும் பொறித்திருக்கும்.

இரண்டு துறைக்கும் பொதுவாக ஏதாவது பாட்டு?

'க்ளெமன்டைன்' 49ஆம் ஆண்டுக்காரன், அதாவது 1849இல் தங்கம் தேடிப் போனவன் மகளைப் பற்றிய பழைய பாட்டு. பாபி டாரின் அதை 1960இல் துள்ளலாகப் பாடி வெளியிட்டார். நீல் யங்கின் 1970 ஆல்பத்தின் தலைப்பில் தங்க வேட்டை உண்டு, உள்ளே 1849ஐத் தேடாதீர்கள்.

நம் பக்கம் தங்க வேட்டை நடந்ததா? கோலார்தானே?

கோலாரை வேட்டை என்று சொல்ல முடியாது. 1880இலிருந்து ஜான் டெய்லர் கம்பெனியின் ஆழ்சுரங்கம் அது, தமிழ்த் தொழிலாளர்கள் ஏராளம். உண்மையான வெறி பிடித்தது நீலகிரியின் பந்தலூர், தேவாலா பக்கம்தான். ஆஸ்திரேலியாவின் விக்டோரியா தங்க வயல்களைப் பற்றி 1869இல் பெரிய நூல் எழுதிய ப்ரௌ ஸ்மித்தையே வரவழைத்து அறிக்கை கேட்டார்கள். அறிக்கை நம்பிக்கை ஊட்டியது, லண்டனில் கம்பெனிகள் முளைத்தன, சில ஆண்டுகளில் படுத்துவிட்டன. டபிள்யூ. ஃபிரான்சிஸின் நீலகிரி கெசட்டியரில் (மாவட்டத்தைப் பற்றிய அரசு விவர நூல், 1908) இந்தக் கதை இருக்கிறது. கூடலூர்ப் பகுதியின் பழைய வரைபடத்தோடு வைத்துப் படியுங்கள்.

இவற்றை ஆடியோ புத்தகமாகக் கேட்டால் போதுமா?

குரால்னிக், பிராண்ட்ஸ் தாராளமாகக் கேட்கலாம். ஹாலிடே, மாட்லி வேண்டாம். குறிப்புகளும் வரைபடமும் காதில் வராது. கேட்டுவிட்டு வாங்குவதாக இருந்தால், சுருக்கப்படாத பதிப்புதானா என்று ஓடும் நேரத்தைப் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள். இவ்வளவு பெரிய நூல் ஐந்தாறு மணி நேரத்தில் முடிகிறது என்றால் பாதியை வெட்டியிருக்கிறார்கள்.